தராசைப் பறித்தால் சோறு போச்சு

அம்பாங் சாலையோரத்தில் வடை விற்கும் அக்காவிடம் பேரம் பேசுகிறோம். பேரங்காடியில் மறுபேச்சின்றிப் பணம் கட்டுகிறோம்.

2025 மார்ச்சில் கோலாலம்பூரில் பலூன் வியாபாரி ஒருவரை அமலாக்க அதிகாரிகள் மடக்கிப் பிடித்த காணொளியைக் கண்டு கொதித்தோம், பிறகு மறந்தோம்.

துனிசியா மறக்கவில்லை. 2010 டிசம்பர் 17-ஆம் தேதி பழ வியாபாரி முகமது புவாசிசியின் தராசை அதிகாரிகள் பறித்தனர். முறையிடப் போனார், யாரும் செவிசாய்க்கவில்லை. தீக்குளித்தார், பிழைக்கவில்லை. 28 நாளில் அதிபரே நாட்டைவிட்டு ஓடினார்.

உரிமம் இல்லாத கடையை அகற்றுவது சட்டம். முதலில் மாற்று இடம் காட்டுவது நியாயம். இந்தியா 2014-இல் சாலையோர வியாபாரிகளுக்கென்றே தனிச் சட்டம் இயற்றியது.

நாளை, "அக்கா, லைசென்ஸ் இருக்கா?" என்று கேளுங்கள். இல்லையென்றால் நகராண்மைக் கழகத்துக்குத் துணையாகச் செல்லுங்கள்.