தறியும் பிளேடும்

பழவேற்காடு என்றதும் ஏரி இறாலும் நண்டும்தான் நினைவுக்கு வரும். ஒரு காலத்தில் கட்டம் போட்ட துணிக்கும் பேர்போன ஊர் அது. 1613-இல் டச்சுக்காரர்கள் அங்கே கெல்டிரியா கோட்டையைக் கட்டினார்கள். கப்பலேறிய கட்டத் துணிக்கு ஐரோப்பாவில் ஊர்ப்பெயரே பெயராயிற்று.

நம் மதராஸ் கட்டத் துணி நைஜீரியாவுக்கும் போனது. நைஜர் ஆற்றுக் கழிமுகத்துக் கலாபாரி மக்களும் மீன்பிடித்து வாழ்ந்தவர்கள்தான். அவர்களுடைய பெண்கள் துணியை அப்படியே உடுத்தியதோடு நிற்கவில்லை. ஊசியால் இழையைத் தூக்கி, பிளேடால் அறுத்து, உருவியெடுத்து, புதுக் கோலமே படைத்தார்கள். அதன் பெயர் ‘பெலெட்டெ பிட்டெ’. வெட்டிய துணி என்று பொருள்.

நெய்தவர் யாரோ, வெட்டியவர் யாரோ! முகம் பார்க்காமலே ஒருவர் கைவேலை இன்னொருவர் மனதில் பொறியைத் தட்டியது.

உங்கள் வேலையையும் செம்மையாகச் செய்யுங்கள். எந்தக் கரையில் யாருக்கு அது விளக்காகுமோ!