திரை இணையாதபோது என்ன செய்வது?

(கணினிப் பயன்பாடு குறித்த ஆசிரியர் பயிற்சியில் ஆற்றிய உரை)



மடிக்கணினியில் இருக்கும் பாடப் படத்தைக் கம்பியில்லாமல் பெரிய திரையில் காட்ட முயல்கிறோம். 'இந்த டி.எல்.எல். கோப்பு இல்லை' என்று ஒரு செய்தி வருகிறது. பாடவேளை 40 நிமிடம்தான். மாணவர்கள் காத்திருக்கிறார்கள். உடனே அந்தக் கோப்பை இணையத்தில் தேடி இறக்கிவிடத் தோன்றும். அதைச் செய்யக் கூடாது என்று சொல்லவே வந்திருக்கிறேன்.

டி.எல்.எல். என்றால் டைனமிக் லிங்க் லைப்ரரி. நம் பள்ளி நூலகத்தில் ஓர் அகராதி இருக்கிறது. எல்லா வகுப்பினரும் அதையே எடுத்துப் பார்க்கிறார்கள். அதுபோலப் பல செயலிகள் பொதுவாகப் பயன்படுத்தும் கட்டளைத் தொகுப்பே இக்கோப்பு. விண்டோஸ் தனக்குரிய கோப்புகளில் பலவற்றை 'சிஸ்டம்32' என்ற கோப்புறையில் வைத்திருக்கிறது.

திரையைப் பிரதிபலிக்க மூன்று வேலைகள் நடக்க வேண்டும். முதலில் திரையில் தெரிவதைப் படியெடுக்க வேண்டும். விண்டோஸ் 8 முதல் இந்த வசதியை டி.எக்ஸ்.ஜி.ஐ. என்ற நூலகக் கோப்பு தருகிறது. அடுத்து, படியெடுத்ததைக் காணொலியாகச் சுருக்க வேண்டும். பிறகு வைஃபை வழியே அனுப்ப வேண்டும். இதற்கான மிராகாஸ்ட் என்னும் பொது முறையை வைஃபை அலையன்ஸ் 2012-இல் கொண்டுவந்தது. 2013-இல் வந்த விண்டோஸ் 8.1 முதல் அது கணினியிலேயே உள்ளது. ஆகவே இதற்கான கோப்புகளை வெளியே தேட வேண்டியதில்லை.

முன்பின் தெரியாத தளத்தில் இறக்கிய கோப்பால் என்ன கெடுதல்? ஒரு டி.எல்.எல். கோப்பு, தன்னை அழைக்கும் செயலிக்கு உள்ள அனுமதி அனைத்தையும் பெற்று இயங்கும். அதில் தீங்கான நிரல் ஒளிந்திருந்தால் அதற்கும் அதே அனுமதி கிடைக்கும். நாம் எமிஸ் தளத்தில் நுழைவதும் அதே கணினியில்தான். மாணவர் விவரங்களும் கடவுச்சொற்களும் அதில் இருக்கின்றன. ஒரு பாடவேளையைக் காப்பாற்றப் போய் அவற்றை இழக்கலாமா?

சரி, என்ன செய்வது?

1. விண்டோஸ் விசையுடன் 'கே' விசையை அழுத்துங்கள். இணைக்கக்கூடிய திரைகளின் பட்டியல் வரும். இரு கருவிகளிலும் வைஃபை இயங்குகிறதா என்று பாருங்கள்.

2. பட்டியல் வராவிட்டால் 'டிஎக்ஸ்டயாக்' கருவியைத் திறந்து, அறிக்கையைச் சேமித்துப் படியுங்கள். உங்கள் கணினி மிராகாஸ்ட்டை ஏற்குமா என்பது அதில் இருக்கும்.

3. ஒரு செயலியைத் திறக்கும்போது மட்டும் பிழை வந்தால் அச்செயலியை நீக்கி, அதன் அதிகாரப்பூர்வ தளத்திலிருந்து மீண்டும் நிறுவுங்கள்.

4. விண்டோஸின் கோப்பே கெட்டிருந்தால், நிர்வாகி அனுமதியுடன் 'கமாண்ட் பிராம்ப்ட்' திறந்து, 'எஸ்.எஃப்.சி.' என்று தட்டி, இடைவெளி விட்டு, சாய்கோட்டுடன் 'ஸ்கேன்நவ்' என்று கொடுங்கள். கெட்ட கோப்புகளை விண்டோஸ் தானே கண்டறிந்து மாற்ற முயலும். பிறகு விண்டோஸையும் திரை இயக்கியையும் புதுப்பியுங்கள்.

இவற்றுக்கு நேரம் பிடிக்கும். ஆகவே பள்ளி முடிந்த பின் செய்யுங்கள். அன்றைய பாடத்துக்கு எச்.டி.எம்.ஐ. கம்பி போதும். ஒரு கம்பி எப்போதும் வகுப்பறை அலமாரியில் இருக்கட்டும்.

இந்த நான்கு படிகளையும் ஒரு தாளில் எழுதிக் கணினி அருகே ஒட்டிவையுங்கள். ஆசிரியர் செய்வதைப் பார்த்தே மாணவர்கள் கணினியைக் கையாளக் கற்கிறார்கள். கண்ட இடத்தில் கோப்பு இறக்கக் கூடாது என்பதையும் நம்மிடமிருந்தே கற்கட்டும்.