நம் பாடசாலையைப் பற்றி நாமே எழுதலாமா?



நூற்றாண்டை முன்னிட்டு, விக்கிப்பீடியாவில் நம் பாடசாலைக் கட்டுரையைப் பழைய மாணவியரே விரிவாக எழுதிவிட வேண்டும் என்று பலர் கேட்கிறீர்கள். மலையகத்தைப் பற்றி எழுதப்பட்டதே குறைவு, ஆசை நியாயமானது. ஆனால் வைத்தியர்கள் பெற்ற தாய்க்குத் தாமே சத்திரசிகிச்சை செய்வதில்லை. திறமை போதாமல் அல்ல. பாசத்தில் தீர்மானம் தடுமாறும் என்பதால். நலமுரண் என்பது இதுதான்.

விக்கிப்பீடியாவின் நிறுவனர்களில் ஒருவரான ஜிம்மி வேல்ஸ் தம்மைப் பற்றிய கட்டுரையைத் தாமே திருத்தியது 2005இல் வெளியானபோது, செய்திருக்கக் கூடாது என்று வருந்தினார். பணம் பெற்று எழுதுவோர் அதை அறிவிக்க வேண்டும் என்பது 2014 முதல் அங்கே விதி.

நாம் செய்யக்கூடியது இது. கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில் "நான் பழைய மாணவி" என்று சொல்லி, சேர்க்க வேண்டியதை அச்சான ஆதாரத்துடன் முன்வைப்போம். பாடசாலையோடு தொடர்பில்லாத ஒருவர் பார்த்துச் சேர்க்கட்டும்.

வெளிவரும் நம் நூற்றாண்டு மலரையும் நாளை ஆதாரமாகக் காட்டுவார்கள். சங்கமே வெளியிடுவதால், நம் புகழுக்கு அது சாட்சியாகாது. ஆண்டு, பெயர் போன்ற விவரங்களுக்கே உதவும். ஆகவே தோட்டத்து லயங்களிலிருந்து பிள்ளைகள் எந்த ஆண்டில், எத்தனை பேர் இங்கே சேர்ந்தார்கள் என்பதைச் சேர்வுப் பதிவேட்டைப் பார்த்து அச்சிடுவோம். அந்த எண் நமக்குப் பெருமை தராவிட்டாலும் அச்சிடுவோம்.