காட்சியும் கடமையும்

(காவலூரில் நடைபெற்ற இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றப்பெற்ற உரை)



சவ்வாது மலைக் காவலூர், இரவெல்லாம் விழித்திருக்கும் ஊர். யுரேனசு கோளைச் சூழ்ந்த வளையங்கள் 1977இல் வெளிப்பட்டபோது, இம்மலையின் ஒரு மீட்டர் தொலைநோக்கியும் அவ்வானைப் பார்த்திருந்தது. இருளில் பொறுமையோடு காத்திருத்தலே இங்குள்ள வானியலார் தொழில். அதே காத்திருத்தலைக் காட்டில் மேற்கொண்டவர் சென்னையைச் சேர்ந்த கானுயிர்ப் படக் கலைஞர் சேகர் தத்தாத்ரி. அவர் வாழ்வு, கவிஞர்களை நோக்கி ஒரு வினாவை எழுப்புகிறது.

பள்ளிப் பருவத்திலேயே சென்னைப் பாம்புப் பண்ணையில் தொண்டராகச் சேர்ந்தவர் அவர். பாம்புத் தோல் வணிகம் தடைப்பட்டதால் பிழைப்பிழந்த இருளர், 1978இல் கூட்டுறவுச் சங்கம் அமைத்து, பாம்பைக் கொல்லாமல் நஞ்செடுத்து வாழத் தலைப்பட்டனர். அவர்களைப் பற்றிய படமே அவருடைய தொடக்ககாலப் படைப்புகளுள் ஒன்று.

பின்னர் அமைதிப் பள்ளத்தாக்கு மழைக்காட்டைப் படமாக்கித் தேசிய விருது பெற்றார். அக்காட்டை அணைத்திட்டத்தினின்று மீட்கக் குரல் கொடுத்தவர்களுள் சுகதகுமாரி முதலிய மலையாளக் கவிஞர்கள் முன்னின்றனர் என்பதை இவ்வவை மறத்தலாகாது.

அக்காலத்தில் படச்சுருள் விலைமிக்கது. 16 மில்லிமீட்டர் அளவில் 400 அடிச் சுருள் ஏறத்தாழ 11 நிமிடமே ஓடும். விலங்கு வரும்வரை மறைவிடத்தில் நாட்கணக்கில் காத்திருந்து, வந்த கணத்தில் வேண்டியதை மட்டும் பதிவு செய்ய வேண்டும். சொற்சுருக்கம் அறிந்த கவிஞர்க்கு இவ்வருமையை விளக்க வேண்டுவதில்லை.

உலகப் பெருந்தொலைக்காட்சிகளுக்காக அவர் படைத்த படங்கள் புகழ் ஈட்டின. எனினும், திரையில் காடு செழிக்க, நிலத்தில் அது தேய்ந்துகொண்டே வந்தது. அழகை மட்டும் காட்டும் படம், காண்பவரை 'எல்லாம் நலமே' என்று உறங்கவைத்துவிடும் அன்றோ? 2000ஆம் ஆண்டையொட்டி அப்பெருவழியை விட்டு விலகி, காட்டைக் காக்கும் குறும்படங்களின்பால் திரும்பினார். கருநாடகத்துக் குதிரேமுக இரும்புத்தாதுச் சுரங்கத்தின் கேட்டை 2001இல் படமாக்கினார். இயற்கை ஆர்வலர்களின் வழக்கில் உச்சநீதிமன்றம் 2002இல் தீர்ப்பளிக்க, 2005 இறுதியில் சுரங்கம் நின்றது. வென்றது பலரது முயற்சி. அம்முயற்சிக்கு அவர் படம் ஒரு சாட்சி. புலிகளைப் பற்றிய 2010ஆம் ஆண்டுப் படத்தையோ விலையின்றியே வழங்கினார்.

கலை பரப்புரையாகித் தாழ்ந்துவிடாதா என்று கேட்போர் உளர். கண்டதைப் பிழையறக் காட்டும் நேர்மை உள்ளவரை தாழாது என்பதற்கு அவர் படங்களே சான்று. யானையையும் மந்தியையும் கூர்ந்து நோக்கிப் பாடியவர் சங்கப் புலவர். அவர்கள் பாடிய குறிஞ்சி இன்று குன்றி வருகிறது. மலையைப் பாடுவதோடு கவிஞன் கடமை முடிந்துவிடுகிறதா? பத்தாண்டு கண்ட இவ்வட்டம் அடுத்த பத்தாண்டில் தன் கவிதைகளால் இதற்கு விடை கூறட்டும்.