விபத்து நஷ்டஈடு: விட்டுக்கொடுக்க நாம் யார்?

(டிரஸ்ட் மாதக் கூட்டத்தில் செயலாளர் ஆற்றிய உரை)



பெரியவர்களே, தாய்மார்களே, தம்பிமார்களே! பைத்துல்மால் கணக்கை வாசிக்கும் முன் ஒரு விஷயம் பேச வேண்டியிருக்கிறது. அதில் என் தவறும் உண்டு.

நம் மஹல்லாவில் ஒரு தம்பி, பெயின்டர், வயது 27. நான்கு மாதத்துக்கு முன் வந்தவாசி சாலையில் பைக்கில் வரும்போது பின்னால் வந்த வேன் இடித்து வலது தோள்பட்டை நொறுங்கிவிட்டது. வேன்காரர் நமக்குத் தெரிந்தவர். போலீஸ் கேஸ் வேண்டாமே என்று, ஆஸ்பத்திரியில் 'பைக் சறுக்கி விழுந்துவிட்டான்' என்று சொல்லிவிட்டார்கள். பிறகு நான்கு பேர் உட்கார்ந்து பேசி, முப்பதாயிரம் ரூபாய் வாங்கிக் கொடுத்து முடித்தோம். அந்த நால்வரில் நானும் ஒருவன். நல்ல காரியம் செய்த நினைப்பில்தான் அன்று வீட்டுக்குப் போனேன்.

இன்று அவரால் கையைத் தோளுக்கு மேல் தூக்க முடியவில்லை. முழுதாகச் சரியாகாது என்கிறார் டாக்டர். சாரத்தில் ஏற முடியாதவரை பெயின்டிங்குக்கு யார் கூப்பிடுவார்கள்? அவர் மனைவி நம் அரிசி டோக்கனுக்கு வந்து நிற்கிறார்.

'நஸீப், என்ன செய்வது' என்கிறோம். விபத்து தக்தீர்தான், மறுக்கவில்லை. ஆனால் தவறுதலாக ஓர் உயிர் போனால்கூட தியத் கொடுக்க வேண்டும் என்கிறது சூரா நிஸாவின் 92-வது ஆயத். குடும்பத்தார் மனமுவந்து விட்டுக்கொடுத்தால் தவிர. விட்டுக்கொடுப்பது அவர்கள் உரிமை. பஞ்சாயத்துப் பேச வந்தவர்களின் உரிமை அல்ல. அவர் கையை அவருக்குப் பதிலாக நாங்கள் மன்னித்துவிட்டோம்.

வேன்காரர் வயிற்றில் அடிக்கக் கூடாது என்றுதான் தயங்கினோம். வண்டிக்கு முறையான இன்ஷூரன்ஸ் இருந்தால் நஷ்டஈட்டைக் கொடுப்பது கம்பெனி, அவர் அல்ல. 1988-ம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் 166-வது பிரிவில், நாம் வசிக்கும் பகுதிக்கான தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம்.

எவ்வளவு கிடைக்கும்? 2010-ல் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது முக்கியம். உடல் ஊனம் எத்தனை சதவீதம் என்பதோடு நிற்கக் கூடாது. அதனால் அந்த மனிதரின் சம்பாத்தியம் எவ்வளவு போயிற்று என்று பார்க்க வேண்டும். இடது கை போனால் அரசு குமாஸ்தாவுக்கு வேலை போகாமல் இருக்கலாம். தச்சருக்கும் டிரைவருக்கும் பிழைப்பே போகும். பெயின்டருக்குத் தோளும் அப்படித்தானே. மாத வருமானம் 15,000, சம்பாத்திய இழப்பு 40 சதவீதம் என்றே வைத்துக்கொள்வோம். 27 வயதுக்குப் பெருக்கும் எண் 17. கணக்குப் போட்டால் 12,24,000 ரூபாய். வைத்தியச் செலவும் வலிக்கான தொகையும் இதில் சேரவில்லை. நாங்கள் முடித்தது முப்பதாயிரத்துக்கு!

ஆகவே ஆஸ்பத்திரியில் உண்மையைச் சொல்லுங்கள். அங்கே விபத்துப் பதிவேட்டில் முதலில் எழுதுவதைத்தான் இன்ஷூரன்ஸ் வக்கீல் பிடித்துக்கொள்வார். எஃப்ஐஆர் நகல், டிஸ்சார்ஜ் சம்மரி, மருந்துக்கடை பில் வரை பத்திரப்படுத்துங்கள். 2022 ஏப்ரல் முதல் ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்று சட்டம் மாறியிருக்கிறது. இடித்த வண்டி நிற்காமல் போய்விட்டாலும் கைவிடாதீர்கள். இறப்புக்கு 2 லட்சம், பலத்த காயத்துக்கு 50,000 ரூபாய் மத்திய அரசுத் திட்டத்தில் உண்டு. பக்கத்து மேல்மருவத்தூரில் 2021 டிசம்பரில் முதல்வர் தொடங்கிய 'நம்மைக் காக்கும் 48' திட்டம் வேறு. அது முதல் 48 மணி நேர இலவச சிகிச்சைக்கு. அதை வாங்கியதால் நஷ்டஈட்டு உரிமை போய்விடாது.

நம் வீட்டு வண்டிகளையும் பாருங்கள். இன்ஷூரன்ஸ் காலாவதியான பைக்கில் மகன் யாரையாவது இடித்தால், தீர்ப்புத் தொகைக்கு உங்கள் வீடுதான் பதில் சொல்ல வேண்டும். மூன்று பேர் ஏறிப் போகும் தம்பிமார்களுக்கு இது காதில் விழுந்தால் சரி.

அந்தத் தம்பிக்கு இன்னும் இரண்டு மாத அவகாசம் இருக்கிறது. காஞ்சிபுரத்தில் ஒரு வக்கீலைப் பார்த்தோம். 'சறுக்கி விழுந்தான்' என்ற எழுத்துதான் பெரிய தடை என்கிறார். இடித்ததைப் பார்த்த டீக்கடைக்காரர் சாட்சி சொல்லச் சம்மதித்திருக்கிறார். பேசி முடித்தது எப்படி என்று நானும் எழுதிக் கொடுக்கிறேன். அன்று அஸருக்குப் பிறகு அந்த வழியாக வந்த வேறு யாராவது பார்த்திருந்தால், இன்று இஷா முடிந்ததும் என்னிடம் சொல்லுங்கள்.

இனி கணக்கை வாசிக்கிறேன்.