எறியப்படாத பொருள்கள்



கவிதைக்குரிய இம்மேடையில் சீனக் கலைஞர் ஒருவரைப் பற்றிப் பேச விழைகிறேன். காரணம் இறுதியில் விளங்கும்.

சோங் டோங் 1966இல் பெய்ஜிங் நகரில் பிறந்தவர். 2002இல் அவருடைய தந்தை காலமானார். அதன்பின் தாயார் ஜாவோ சியாங்யுவான் எதையும் எறிய மறுத்தார். வீடெங்கும் பொருள்கள் நிறைந்தன. பிள்ளைகள் அவற்றை அகற்ற முயன்றபோது தாயின் துயரம் மிகுந்தது. கணவர் விட்டுச்சென்ற வெற்றிடத்தையே அவர் பொருள்களால் நிரப்பிக்கொண்டிருந்தார் என்பதை மகன் பின்னரே உணர்ந்தார்.

பற்றாக்குறைக் காலத்தில் குடும்பம் நடத்தியவர் அத்தாய். அந்நாளில் சவர்க்காரமும் பங்கீட்டில்தான் கிடைத்தது. பிள்ளைகளுக்குப் பிற்காலத்தில் உதவுமென்று அதைச் சேமித்துவைத்தார். மகனுக்கு மணமானபோது அவற்றைக் கொடுக்க முன்வந்தார். மகனோ சலவை இயந்திரம் பயன்படுத்துபவர். காய்ந்து இறுகிய அக்கட்டிகள் சவர்க்காரமல்ல, அன்பே என்று அவர் அறியப் பல ஆண்டுகள் ஆயின.

2005இல் தாயும் மகனும் இணைந்து, அப்பொருள்களைப் பெய்ஜிங் கண்காட்சிக் கூடத்தில் பரப்பினர். 'எதையும் வீணாக்காதே' என்பது அப்படைப்பின் பெயர்ப்பொருள். வெற்றுப் பற்பசைக் குழல்கள், போத்தல் மூடிகள், துணித்துண்டுகள், செருப்புகள், பாத்திரங்கள், பழைய வீட்டின் மரச்சட்டம் எனப் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவை வகைவகையாக அணிவகுத்தன. தாயும் நாங்களும் நலம், கவலை வேண்டாம் என்று மறைந்த தந்தைக்குச் சொல்லும் ஒளியெழுத்துகளும் அங்கிருந்தன.

இது தாயின் நோவைக் காட்சிப்பொருளாக்கியதாகாதா? இவ்வினாவை நான் எளிதில் ஒதுக்கவில்லை. ஆனால் பொருள்களை ஒழுங்குபடுத்தியவர் அத்தாயே. பார்வையாளரோடு உரையாடியவரும் அவரே. வீட்டிற்குள் சுமையாக இருந்தவை அங்கே அவருடைய பேச்சாயின. 2009இல் அவர் மறைந்தார். அதே ஆண்டில் நியூயார்க் நவீனக் கலைக்கூடத்தில் அப்பொருள்கள் பரப்பப்பட்டபோது, ஒவ்வொன்றின் கதையையும் சொல்ல அவர் இல்லை. நினைவின் உயிர் பொருளில் மட்டும் இல்லை, அதைச் சொல்லும் நாவிலும் உண்டு என்பதை அந்த மௌனம் உணர்த்துகிறது.

இதே கலைஞர் 1995 முதல் மற்றொன்றும் செய்துவருகிறார். கல்லின்மீது தூரிகையால் நீரில் நாட்குறிப்பு எழுதுகிறார். எழுத எழுத அது உலர்ந்துவிடுகிறது. தாளையும் மையையும் மிச்சப்படுத்த, நீரால் எழுதிப் பழகும்படி இளமையில் கூறியவர் தந்தை. தாயின் சிக்கனம் அனைத்தையும் விட்டுச்சென்றது. தந்தை கற்பித்த சிக்கனம் எதையும் விட்டுவைக்கவில்லை. இரண்டும் வறுமை ஈன்ற பிள்ளைகள்; இரண்டும் அன்பின் வடிவங்கள்.

கவிஞர்களே, நான் கூற வந்தது இதுதான். கவிதையில் ஒரு பொருளைக் கண்டவுடன் அதைக் குறியீடாக்க விரைகிறோம். பின்னர் அப்பொருளை மறந்துவிடுகிறோம். சோங் டோங் சவர்க்காரத்தைச் சவர்க்காரமாகவே இருக்கவிட்டார். அதனாலேயே அது தாயாயிற்று. கருப்பொருளை முதலில் பொருளாக மதிப்போம். உரிப்பொருள் தானே அதில் வந்து அமரும்.