பெயர் என்னும் சாப்பா

(ஏலூரில் நடைபெற்ற அரசியல் வகுப்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் சுருக்கம்)



“அமைச்சர் அலுவலகத்தில் நம் ஆள் இருக்கிறார்”, “அந்தத் தலைவர் என் வீட்டில் உணவருந்தியவர்” என்னும் பேச்சு எங்கும் கேட்கிறது. அதை வெறும் தற்பெருமை என நகைத்து ஒதுக்கிவிட இயலாது. பெரியவர் ஒருவரின் பெயரைச் சொன்னால் கதவு திறக்கிறது. அதனாலேயே மக்கள் அப்பெயரைச் சொல்கின்றனர். கதவைப் பூட்டி வைத்திருப்பவர் யார் என்பதே கேள்வி.

இதற்கு விடை ஏலூருக்குத் தெற்கே, மட்டாஞ்சேரியின் வரலாற்றில் இருக்கிறது. கொச்சித் துறைமுகத்தில் அன்று வேலை என்பது ‘சாப்பா’ எனப்பட்ட உலோக வில்லை. திரண்டு நிற்கும் தொழிலாளர் நடுவே கங்காணி வில்லைகளை வீசியெறிவான். முட்டி மோதி ஒன்றைக் கைப்பற்றியவன் வீட்டில் அன்று அடுப்பெரியும். மற்றவர் வீட்டில் பட்டினி. இத்தகைய ஏற்பாட்டில் ‘கங்காணிக்கு வேண்டியவன்’ என்னும் பெயரே சொத்தாகிறது. அருகில் நிற்கும் உழைப்பாளி பகைவனாகிறான்.

இம்முறையை எதிர்த்தே தொழிலாளர் கிளர்ந்தெழுந்தனர். 1953 செப்டம்பர் 15 அன்று காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. அப்போராட்டத்தில் சைது, சைதலவி, ஆன்றணி ஆகிய மூவர் உயிர் ஈந்தனர். அவர்கள் தமக்கொரு சாப்பா கேட்கவில்லை. சாப்பா முறையே ஒழியவேண்டும் என்றனர். பெயர்ப் பதிவும் முறைவரிசையும் வந்த இடத்தில் கங்காணியின் தயவுக்கு விலையில்லை.

ஆனால் ஒப்பந்த முறை நிலவும் இடமெங்கும், தொழிற்சாலைகள் சூழ்ந்த ஏலூரானாலும் வேறெந்த ஊரானாலும், “நீ யாருடைய ஆள்?” என்னும் கேள்வி உயிரோடிருக்கிறது. அக்கேள்வி கட்சிக்குள்ளும் நுழையக்கூடும் என்பதே கவலைக்குரியது. மருத்துவமனைப் படுக்கைக்கோ குடும்ப அட்டைக்கோ உதவி நாடி வருபவரிடம், “மாவட்டச் செயலாளரிடம் சொல்கிறேன், எனக்கு மிகவும் நெருக்கம்” என்று ஒரு தோழர் கூறினால், காரியம் முடியலாம். ஆனால் உரிமையைக் கேட்க வந்தவர் கடன்பட்டவராகத் திரும்புகிறார். அடுத்த ஆர்ப்பாட்டத்திற்கு அவர் வரமாட்டார். அடுத்த சிபாரிசுக்கே வருவார்.

1877இல் வில்ஹெல்ம் பிளாஸுக்கு எழுதிய கடிதத்தில், தமக்கும் எங்கெல்சுக்கும் புகழில் நாட்டமில்லை என்று மார்க்ஸ் தெரிவித்தார். தலைமையின்மீது மூடநம்பிக்கை வளர்க்கும் எதுவும் அமைப்பு விதிகளில் இருக்கலாகாது என்ற நிபந்தனையுடனேயே இருவரும் கம்யூனிஸ்ட் கழகத்தில் சேர்ந்தனர் என்பதையும் அதில் நினைவுகூர்ந்தார்.

ஆகவே, வரும் கோரிக்கை எதுவாயினும் கிளைக் கூட்டத்தில் வைக்கப்படட்டும், குறிப்பேட்டில் பதியப்படட்டும், அதே குறையுள்ள பிறரையும் சேர்த்துக்கொண்டு அலுவலகத்திற்குச் செல்லட்டும். அங்கே சொல்லவேண்டியது எந்தத் தலைவரின் பெயருமன்று, கோரிக்கையை மட்டுமே.